காத்தாயியின் கையில் இருந்த பிள்ளை

அன்புள்ள அண்ணே,

அன்புள்ள என்று எழுதியது பழக்கதோஷம். நீ செத்து எட்டு மாதமாகிறது, உன்மேல் இருக்கும் கோபம் இன்னும் ஆறவில்லை.

உன் புத்தகத்தை மறுபடி அச்சடிக்கப் போகிறார்களாம். பிலிமத்தலாவையிலிருந்து பதிப்பாளர் வீடு தேடி வந்தார். நீ பெண்டாட்டி பிள்ளை இல்லாதவன், அனுமதி கொடுக்க வேண்டியவள் நான். விக்டோரியா மகாராணி காலத்துக் கண்டிக் குற்றங்களை உன்னைப்போல யாரும் தோண்டி எடுத்ததில்லையாம். "ஒரு கையெழுத்துதாங்க அக்கா" என்று பேனாவை நீட்டினார். யோசிக்க வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

நாலாம் அத்தியாயம் ஞாபகமிருக்கிறதா? தேயிலைக்கு முந்திய கோப்பித் தோட்டத்தை விட்டுச் சொல்லாமல் போவதே அந்தக் காலத்தில் குற்றம். அப்படிப் புசல்லாவையிலிருந்து போய், கெலிஓயாவில் பிடிபட்டு, கண்டியில் சிறையிருந்த காத்தாயியை, "வேலைக்கு அஞ்சித் தப்பியோடியவள்" என்று எழுதினாய். அவள் யாரோ அல்ல, அம்மாவின் பூட்டி.

அந்த வரியை என்னை வாசிக்கச் சொல்லிக் கேட்ட அம்மா, உன்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தாள்.

"அவ காய்ச்சல்ல கெடந்த புள்ளைய தூக்கிக்கிட்டு கண்டி ஆஸ்பத்திரிக்குத்தான்டா போனா. வழியிலயே புள்ள செத்துப்போச்சு. எங்க அம்மாச்சி சொல்லிச் சொல்லி அழுவாங்க."

"கோர்ட்டுக் காகிதத்துல புள்ளையே இல்லம்மா. இருந்தா எழுதியிருப்பாங்க."

"அப்ப நாங்க எல்லாம் பொய்யா சொல்றோம்?"

நீ சிரித்தாய். வெள்ளைக்காரத் துரை எழுதினால் சாட்சி, அம்மா சொன்னால் கதை, அப்படித்தானே? அதற்குப் பிறகு அம்மா காத்தாயியின் பேச்சையே எடுக்கவில்லை.

போன மாதம் உன் அலுமாரியைக் காலி செய்தேன். நீ குறிப்பெழுதும் ஒரு நீலக் கொப்பியில், பழைய பொலிஸ் குறிப்பொன்றைப் பார்த்து நீ எழுதி வைத்திருக்கிறாய்: "காத்தாயி பிடிபட்டபோது கையில் இறந்த குழந்தை இருந்தது. கொடுக்க மறுத்தாள்." கீழே தேதியும் போட்டிருக்கிறாய். புத்தகம் வந்த மறுவருடத் தேதி. அம்மா அதற்குப் பிறகும் நாலு வருடம் உயிரோடு இருந்தாள், அண்ணே.

அந்த நாலு வருடமும் பொங்கலுக்கு வந்தாய். அம்மா போட்ட சோற்றைத் தின்றாய். தெரிந்துகொண்டே எப்படி உனக்குத் தொண்டைக்குள் இறங்கியது? "நீங்க சொன்னது சரிம்மா" என்று சொல்ல எவ்வளவு நேரம் பிடிக்கும்? புத்தகத்துக்கு நடந்த பாராட்டுக் கூட்டத்தில் விழுந்த மாலை தடுத்ததா? ஊரார் குற்றத்தையெல்லாம் தேடித் தேடி எழுதிய நீ, உன் குற்றத்தை மட்டும் உள்ளே வைத்துப் பூட்டிவிட்டுப் போனாய்.

ஐந்தாம் வகுப்போடு தேயிலைக் கொழுந்து பறிக்கப் போக இருந்த என்னைப் படிக்க வைத்தவனும் நீதான். அந்தப் படிப்பை வைத்துத்தான் உன் கொப்பியை வாசித்தேன்.

நேற்று பதிப்பாளர் மறுபடி வந்தார். கொப்பியைக் காட்டினேன்.

"செத்தவருக்கு அவமானமில்லீங்களா அக்கா?"

"எங்கம்மா உயிரோட இருந்தப்ப பட்டாங்களே, அது என்னாங்க?"

அவர் பேனாவைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

நாலாம் அத்தியாயத்தின் முதல் பக்கத்தில் அந்தக் கொப்பி வரிகள் உன் கையெழுத்திலேயே, நீ போட்ட தேதியோடு வரும். அதற்குச் சம்மதிக்காத யாருக்கும் நான் கையெழுத்துப் போடப்போவதில்லை. அச்சானதும் அம்மாவின் படத்துக்கு முன்னால் உட்கார்ந்து சத்தமாக வாசிப்பேன். நீ அவளிடம் சொல்லாததை உன் வார்த்தையிலேயே அவள் கேட்கட்டும்.

நீ படிக்க வைத்த தங்கச்சி,
காத்தாயி வழி வந்தவள்