கண்ணாடி உடைந்த காலை

வியாசர்பாடி
2.10.2024

கல் நெஞ்சமில்லாத கல் குவாரி அக்கா ரமாபாய்க்கு,

ஜெய்பீம். நான் நலம். அம்மா உன்மேல் கோபமாக நலம். பேங்க் பரீட்சையை விட்டுவிட்டு மார்க்காபுரம் சிலேட்டுக் குவாரிக்கு, குழியில் இறங்குபவர்களின் பாதுகாப்பைப் பார்க்கும் மைனிங் மேட்டாக நீ போனதிலிருந்து, "டிப்ளமா படிச்சது கல்லு ஒடைக்கவா?" என்று குக்கரிடம் கேட்கிறாள். நேற்று அது விசிலடித்துப் பதில் சொன்னது. உன் போனை மட்டும் எடுப்பதில்லை.

சிக்னலுக்கு நீ மேடு ஏற வேண்டியிருப்பதால், உன் கல்லைக் காட்டுப்பள்ளித் துறைமுகத்துக்கு ஏற்றிவரும் மொஹ்சின் அண்ணன் லாரிதான் இனி நம் தபால் ஆபீஸ். சிலேட்டு ஒரு காலத்தில் கடலடிச் சேறு என்று எழுதியிருந்தாய். நம் கேப்டன் காட்டன் கால்வாயை நூறு கோடி வருஷம் தூர்வாராமல் விட்டால் நமக்கும் சொந்தக் குவாரி!

இப்படிக்கு,
வருங்கால முதலாளி பீம்ராவ்

மார்க்காபுரம்
14.10.2024

அன்புத் தம்பி வாலுக்கு,

இதை அம்மாவிடம் சொல்லாதே. சொன்னால் அடுத்த பஸ்ஸில் வந்து என்னை இழுத்துப்போய்விடுவாள்.

சிலேட்டுப் பாறை புத்தகத் தாள்போல அடுக்கடுக்காகப் பிளக்கும். எங்கள் குழியில் அந்த அடுக்குகள் குழிப்பக்கமே சாய்ந்திருக்கின்றன. இடையில் மழைநீர் இறங்கினால் வழுக்கும். குழியின் மேல் விளிம்பில் முடியளவு விரிசல் ஒன்றைப் பார்த்தேன். அதன் குறுக்கே கண்ணாடித் துண்டைச் சிமெண்டால் ஒட்டிவைத்தேன். பாறை நகர்ந்தால் கண்ணாடி உடையும்.

வெள்ளிக்கிழமை காலை உடைந்திருந்தது. இறங்கவிருந்த முப்பத்தியொரு பேரைத் தடுத்தேன். "கண்ணாடி உடைந்ததற்கா லீவு?" என்று சிரித்தார்கள். முதலாளி கத்தினார். நான் இறங்கும் வழியிலேயே உட்கார்ந்துவிட்டேன். பதினொன்றரைக்குச் சுவர் மொத்தமாகச் சரிந்தது. குழியில் ஒருவரும் இல்லை.

சுவர் சரிந்த சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. ஆனாலும் இந்த வேலையை விட மனமில்லை.

அக்கா
ரமாபாய்

வியாசர்பாடி
19.10.2024

மதிப்புக்குரிய மைனிங் மேட் அவர்களுக்கு,

அம்மாவிடம் சொல்லாதே என்றாய். உன் பெயரைச் சொல்லவில்லை. "ஆந்திராவாண்ட ஒரு பொண்ணும்மா" என்றுதான் ஆரம்பித்தேன். நெத்திலி கிள்ளிக்கொண்டிருந்த அம்மா, கதையில் கண்ணாடி உடைந்த இடம் வந்ததும் கிள்ளுவதை நிறுத்தினாள். சுவர் சரிந்ததும், "இன்னா தில்லுடா அதுக்கு! யாரு பெத்த பொண்ணு?" என்றாள்.

"நீ பெத்ததுதான்."

துடைப்பம் பறந்தது. நான் அதற்கு முன்பே பறந்திருந்தேன்.

திரும்பி வந்தபோது உன் கடிதத்தைத் தானே படித்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம் தண்ணி லாரி வரிசையில் பக்கத்து வீட்டுச் செங்கொடி அக்காவிடம், "ஆந்திராவாண்ட ஒரு பொண்ணு கீது..." என்று ஆரம்பித்தாள். என் டெக்னிக்கைத் திருடிவிட்டாள், அக்கா! வரிசை மொத்தமும் திரும்பும்வரை காத்திருந்து, "என் பொண்ணுதான். மைனிங் மேட்" என்றாள். மூன்றாவது குடம் நிரம்புவதற்குள் முப்பத்தியொரு பேர் நூறு பேராகிவிட்டார்கள். நான் திருத்தவில்லை.

வீட்டுக்கு வந்ததும் பயந்துகொண்டே கேட்டேன்: "அக்காவ இட்டாரப் போறியாம்மா?"

"அவ வந்துட்டா அந்த முப்பத்தியொரு பேர யார்ரா பாத்துக்குவா?"

ஞாயிற்றுக்கிழமை சிக்னல் கிடைக்கும் மேட்டில் ஏறிப் போன் பண்ணு. அம்மா எடுப்பாள்.

இப்படிக்கு,
ரமாபாயின் தம்பி
(தெருவில் இப்போது என் பெயர் இதுதான்)