அப்பா சொன்ன காரணம்

மல்காஜ்கிரி

அண்ணா,

"கேஸ் ஜெயிச்சாச்சு" என்று நீ அனுப்பிய வாழ்த்தைப் பார்த்தேன். என்ன ஜெயித்தோம் என்பதையும் தெரிந்துகொள். அப்பாவுக்குக் குறைத்துப் போட்ட பென்ஷனை இனிமேல் சரியாகத் தருவார்கள். பழைய பாக்கியில், வழக்குப் போடுவதற்கு முந்தைய மூன்று வருடத்துக்கு மட்டும்தான். மற்றதெல்லாம் தாமதமாக வந்ததால் தள்ளுபடி.

"நீங்க வேலை பார்த்த அதே ஆபீஸ்லதான் நானும் இருக்கேன்பா. என் புரமோஷன் வரட்டும்" என்று வருடாவருடம் அவரை வழக்குப் போடவிடாமல் தடுத்தது நீ.

ஏன் முன்பே வரவில்லை என்று நீதிபதி கேட்டார். வக்கீல் திரும்பிப் பார்த்தார். "மறந்துட்டேன் சார்" என்றார் அப்பா. வீட்டில் இந்த பென்ஷன் பாக்கியைத் தவிர வேறெதையும் பேசாதவர்.

வெளியே வந்ததும் என்னிடம், "நக்கோ, வேண்டாம், அவன் பேரை எங்கேயும் எடுக்காதே" என்றார்.

அவருக்கு உன்மேல் கோபமே இல்லை. அதனால்தான் சொல்கிறேன், பொங்கலுக்கு வராதே. வந்தால் உனக்குப் பரிமாறச் சொல்வார். நான் மாட்டேன்.

உன் தங்கை