குடும்பப் பதிவில் ஐந்தாவது பெயர்

ஜனவரி 8, மதியம்

அன்பு மகள் மரிலேனாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. டூரின் குளிரில் நீ உடம்பைக் காத்துக்கொண்டு வேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்க வேண்டும் என்பதே எப்போதும் என் நினைப்பு. இங்கே அப்பாவும் தெக்லாவும் நானும் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறோம், அதற்கு மேல் சுகம் என்று எழுத எனக்கு வாய் வரவில்லை. போனில் நீ இரண்டு வார்த்தைக்கு மேல் பேசுவதில்லை, மூன்றாவது வார்த்தைக்கு அழுகை வந்துவிடும் என்றுதான் வைத்துவிடுகிறாய் என்று எனக்குத் தெரியும், அதனால் கோபமில்லை. நான் சொல்லச் சொல்ல உன் தங்கை எழுதுகிறாள். என் கையெழுத்தை நீ படித்துவிடுவாய், ஆனால் ஐந்தாம் வகுப்போடு நின்றவளுக்கு நடந்ததை வரிசையாகச் சொல்ல வராது, நான் முடிவிலிருந்து ஆரம்பித்து நடுவில் அழுதுவிடுவேன். தெக்லா என்னை நிறுத்தி, முதலில் எது, அப்புறம் எது என்று கேட்டுக் கேட்டு எழுதுகிறாள். நான் பேசுவதைப் பள்ளிக்கூடத்துப் பாஷையாகவும் மாற்றிவிடுகிறாள், அதைப் பொறுத்துக்கொள்.

நான்கு நாளாக மேல்காற்று. கப்பல் வரவில்லை, கடையில் பால் தீர்ந்துவிட்டது, ரொட்டிக்காரர் மாவை அளந்து அளந்து சுடுகிறார். அப்பா படகைக் கரையேற்றிவிட்டு ஒன்றும் செய்ய முடியாமல் நல்ல வலைகளையே மறுபடி தைத்துக்கொண்டிருக்கிறார். தெக்லா கடல் தாண்டி த்ராப்பனிக்குப் பள்ளிக்கூடம் போக முடியாமல் வீட்டில் இருக்கிறாள், அந்த நான்கு நாளில் உன் உதவித்தொகையின் விதிமுறைப் புத்தகம் நாற்பத்தாறு பக்கத்தையும் பென்சிலால் கோடு போட்டுப் படித்துவிட்டாள். அது நான் போன மார்ச்சிலேயே செய்திருக்க வேண்டிய வேலை. நானா படிக்கப்போகிறேன், அவளிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லியிருக்கலாம் என்கிறேன்.

உனக்குப் பாதிதான் தெரியும், முழுவதையும் சொல்கிறேன். கஸ்பாரே மாமா ஜெர்மனியிலிருந்து திரும்பி வந்தது போன மார்ச்சில். அவர் படகுத்துறையில் நண்பருடைய கொட்டகைக்கு மேல் இருந்த அறையில்தான் தங்கினார். தாத்தா வீட்டுக்குக் கூரை இல்லை, அந்த விலாசத்தில் ஆளைப் பதிய மாட்டார்கள், கொட்டகை விலாசத்திலும் பதிய மாட்டார்கள். பதிவு இல்லாவிட்டால் கப்பலில் சுற்றுலாக்காரன் கட்டணம். பிறந்த தீவுக்கு வந்துபோக வெளியூர்க்காரன் மாதிரி காசு கொடுத்துக்கொண்டு டிக்கெட் ஜன்னலில் அவர் நின்றதைப் பார்த்துவிட்டு, நம் வீட்டு விலாசத்தில் எழுதிவிடலாம் என்று சொன்னது நான்தான். அவர் கேட்கவில்லை. அப்பாவும் கேட்கவில்லை. நான்.

நகராட்சியில் பதிவு எழுதும் பியேரா நல்ல பெண். அவள் பேனாவை வைத்துவிட்டு என்னிடம் நிதானமாகத்தான் கேட்டாள். "நுன்சியா அக்கா, அவரு தனியா இருந்துக்கறாரா, இல்ல உங்களோட ஒரே குடும்பமா? யோசிச்சுச் சொல்லுங்க." யோசித்துச் சொல் என்றாளே, அதை நான் பிடித்துக்கொண்டிருக்க வேண்டும். எனக்கோ சுருக்கென்றது. வரிசையில் நான்கு பேர் நிற்கிறார்கள், அண்ணன் பக்கத்தில் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறார். "எங்க அண்ணன் என்ன வாடகைக்கு வந்தவரா? நாங்க ஒரே பானையில சாப்பிடறவங்க" என்று சத்தமாகச் சொன்னேன். பின்னால் நின்றவர்கள் தலையாட்டினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது. அவர் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் நம் வீட்டில் சாப்பிட்டார்.

இரண்டு வாரம் கழித்து, மாமா நம் வீட்டில்தான் இருக்கிறாரா என்று சரிபார்க்க நகராட்சிக் காவலர் நீனோ வந்தான். உன் கட்டிலில் புது விரிப்பு போட்டு வைத்திருந்தேன். உன் புத்தகங்களை அலமாரியின் மேல் ஏற்றிவிட்டேன். கட்டிலுக்குக் கீழே ஆண் செருப்பு ஒரு ஜோடி. மாமாவுடையதை வாங்கி வர மறந்துவிட்டோம், அது அப்பாவுடைய செருப்பு. நீனோ எட்டிப் பார்த்துவிட்டு, "அக்கா, மச்சானுக்கும் மாப்பிள்ளைக்கும் கடவுள் ஒரே அச்சுல கால் வார்த்திருக்காரு" என்றான். நாங்கள் சிரித்தோம். காபி குடித்தான், இரண்டு பாதாம் பிஸ்கட் சாப்பிட்டான், கையெழுத்துப் போட்டான். நம் நால்வர் பெயருக்குக் கீழே ஐந்தாவதாக அவர் பெயர் வந்துவிட்டது.

மே மாதம் நீ போன் செய்தாய். அதை நான் மறக்கவில்லை, மறந்துவிட்டேன் என்று நீ நினைக்க வேண்டாம். உதவித்தொகை அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது, சூழ்நிலை மாறியிருந்தால் முப்பது நாளுக்குள் தெரிவிக்க வேண்டுமாம், "வீட்டுல ஏதாவது மாறிருக்காம்மா?" என்று கேட்டாய். அப்பா பக்கத்திலிருந்தார். நான் அவரைப் பார்த்தேன், அவர் உதட்டைப் பிதுக்கினார். ஒன்றும் மாறவில்லை, எல்லோரும் நன்றாக இருக்கிறோம் என்றேன். மகளே, நான் பொய் சொல்லவில்லை. சூழ்நிலை மாறுவது என்றால் வேலை போவது, படகு முழுகுவது, யாராவது சாவது என்றுதான் எங்களுக்குத் தெரியும். முப்பத்தோரு வருஷம் கழித்து அண்ணன் வீடு திரும்பினால் கூஸ்கூஸ் செய்து நாலு பேரைக் கூப்பிடுவார்கள், அலுவலகத்துக்கு எழுதிப் போடுவார்களா? தெக்லா அந்தப் பக்கத்தை எனக்குப் படித்துக் காட்டினாள். வேலை இழப்பு, பிரிவு, மரணம், அதற்கு அடுத்து அதே வரியில், குடும்பத்தில் ஓர் உறுப்பினர் சேர்வது என்று இருக்கிறது. மரணத்துக்குப் பக்கத்தில் அதை வைத்திருக்கிறார்கள்.

செப்டம்பரில் உன் உதவித்தொகைக்காகக் குடும்ப வருமானக் கணக்கு எழுதப் போனபோது, த்ராப்பனி வரி உதவி மையத்தில் இருந்த பெண் ஐந்து பேரா என்று கேட்டபோதும் ஆமாம் என்றேன். வாய் கூடினால் உதவியும் கூடும் என்று மனதுக்குள் நினைத்தேன், அப்பாவிடமும் அப்படியே சொன்னேன், அவரும் சரிதான் என்றார். மாமா இரண்டு வருஷம் முன்பு ஜெர்மன் தொழிற்சாலையில் வாங்கிய சம்பளம் நம் கணக்கில் ஏறும் என்று யாருக்குத் தெரியும். வருமானம் உச்சவரம்பைத் தாண்டிப்போனது டிசம்பரில் நீ உதவித்தொகைப் பட்டியலைப் பார்த்துச் சொன்ன பிறகுதான் எங்களுக்குத் தெரியும். உதவித்தொகையும் போய், இந்த மாதக் கடைசிக்குள் விடுதி அறையையும் காலி செய்ய வேண்டும் என்றால் எங்கே போவாய், யாருடன் இருப்பாய், படிப்பு என்னாகும் என்று கேட்க வேண்டிய கேள்வி எதையும் நான் உன்னிடம் கேட்கவில்லை. கேட்டால் நீ பதில் சொல்வாய் என்ற பயம்தான். உணவகத்தில் ராத்திரி வேலைக்குப் போகிறேன் என்று தெக்லாவிடம் சொன்னாயாம்.

கிறிஸ்துமஸ் முடிந்து முதல் கப்பலில் அப்பாவும் நானும் மறுபடி அந்த மையத்துக்குப் போனோம். அந்தப் பெண் எங்கள்மேல் எரிந்து விழவில்லை, எரிந்து விழுந்திருந்தால் தேவலை. மாமா பெயரை இன்றைக்கு எடுத்தால் அது அடுத்த வருஷத்துக்குத்தான் உதவும், இந்த வருஷம் பதிவில் எத்தனை பேர் இருந்தார்களோ அத்தனை பேர்தான் என்றாள். வேறு வழியே இல்லையா என்று அப்பா மூன்று தடவை கேட்டார். பிறகு அவள் கதவைச் சாத்திவிட்டு, ஒன்று இருக்கிறது, நான் சொன்னதாகச் சொல்லாதீர்கள் என்றாள். அவர் அந்த வீட்டில் ஒரு நாளும் குடியிருந்ததில்லை என்று நான் கையெழுத்திட்டு எழுதிக்கொடுக்க வேண்டும். அதை நீ ஜனவரி 18க்குள் உன் முறையீட்டோடு சேர்த்துக் கொடுத்தால், பதிவு முதல் நாளிலிருந்தே செல்லாது என்று ஆகலாம், கணக்கைத் திருத்தலாம். ஆகலாம் என்றுதான் சொன்னாள், ஆகும் என்று சொல்லவில்லை. ஆனால் காகிதம் நகராட்சிக்குப் போகும், யார் வந்து பார்த்தது என்று கேட்பார்கள், அதில் இருப்பது நீனோவின் கையெழுத்து.

என்மேல் வழக்கு போட்டால் போடட்டும், மாமா கப்பல் கட்டண வித்தியாசத்தைக் கட்டிவிடுவார், அதெல்லாம் எங்கள் தலையெழுத்து. நீனோவுக்குப் பத்து வருஷம் தற்காலிகமாக இருந்து போன வருஷம்தான் வேலை நிரந்தரமானது. இரண்டு பிள்ளைகள், சின்னவனுக்குக் காது கேட்கும் கருவி வைத்திருக்கிறார்கள். அப்பா ஒரே வார்த்தையாக வேண்டாம் என்கிறார், சொல்லிவிட்டு வெளியே போய்விடுகிறார். தெக்லா உண்மையை எழுத ஏன் இத்தனை யோசனை என்று என்னைக் கேட்டாள், நீனோவின் மூத்தவளுக்குக் கணக்குச் சொல்லித்தருவது நீதானே என்றேன், அவள் விதிமுறைப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டாள். மாமா வந்து வாசற்படியிலேயே நின்றார். "தங்கச்சி, அங்க முப்பத்தோரு வருஷம் வெளியாளாத்தான் இருந்தேன். இங்க ஒரு காகிதத்துல வீட்டு ஆளா இருந்தேன், அதையும் கிழிச்சுடு, எனக்கு ஒண்ணுமில்ல" என்றார். கூரைக்கு வாங்கிய கடன் போக அவரால் முடிந்ததைக் கொண்டுவந்திருந்தார். அப்பா கத்தி அனுப்பிவிட்டார், பிறகு அவரே பின்னால் ஓடிப்போய் படகுத்துறையில் மன்னிப்புக் கேட்டாராம். அந்தப் பணத்தை நான் வாங்கி வைத்துக்கொண்டேன், அப்பாவுக்குத் தெரியாது. உனக்கு அனுப்பும் பிஸ்கட் டப்பாவின் அடிக்காகிதத்துக்குக் கீழே இருக்கிறது, இரண்டு மாத வாடகைக்கு வரும், மூன்றாவது மாதத்துக்கு என்னிடம் பதில் இல்லை.

முந்தாநாள் நான் நீனோ வீட்டுக்குப் போனேன். சொல்லாமல் செய்வது துரோகம், சொல்லிவிட்டுச் செய்வதும் துரோகம்தான், இருந்தாலும் போனேன். அவன் மனைவி உள்ளே பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள், அதனால் எங்கள் இருவர் குரலும் தாழ்ந்துவிட்டது. எல்லாவற்றையும் கேட்டான். செருப்பைப் பார்த்தபோதே தெரியும் என்றான். "நீங்க கேட்டிருந்தாலும் போட்டிருப்பேன் அக்கா, நீங்க கேக்காமலே போட்டேன், அவ்வளவுதான். மரிலேனா படிப்பு பெருசு. அனுப்புறதா இருந்தா அனுப்புங்க. ஒரு நாள் முன்னாடி மட்டும் சொல்லிடுங்க. என் பொண்டாட்டி இத ரொட்டிக்கடையில கேள்விப்படக் கூடாது, நானே சொல்லிடறேன்." அப்புறம் என்னைச் சாப்பிட்டுவிட்டுப் போகச் சொன்னான். கொஞ்சம் திட்டியிருக்கலாம் அவன்.

நேற்று அந்தக் காகிதத்தில் கையெழுத்துப் போட்டேன். தெக்லா அதைப் படம் பிடித்து உடனே அனுப்பலாம் என்றாள். நான் வேண்டாம் என்றேன், அலுவலகத்துக்கு அசல் வேண்டும் என்று ஒரு காரணம் சொன்னேன். உண்மையான காரணம், படம் என்றால் நொடியில் போய்விடும், தபால் போய்ச் சேர நான்கு நாளாவது ஆகும், அந்த நான்கு நாள் எனக்கு வேண்டியிருந்தது. காற்று இறங்குகிறது, நாளைக்கு முதல் கப்பல் வரும் என்கிறார்கள், இந்தக் கடிதத்தோடு உனக்குக் கட்டிய பொட்டலம் அதில் போய்விடும். தனி உறையில் அந்தக் காகிதம் இருக்கிறது, ஒட்டவில்லை. நீ அதைக் கொடுக்கலாம், கிழித்தும் போடலாம். பெற்றவள் முடிவு செய்ய வேண்டியதைப் பிள்ளையின் கையில் தூக்கிக் கொடுக்கிறேன் என்று எனக்குத் தெரிகிறது மகளே. கொடு என்று எழுதச் சொல்லித் தெக்லாவிடம் ஒரு தடவை சொன்னேன், பிறகு அந்த வரியை அடித்துவிடச் சொன்னேன். கொடுக்காதே என்றும் சொன்னேன், அதையும் அடித்துவிடச் சொன்னேன். நீ இப்போது பார்ப்பது மூன்றாவதாக எழுதிய தாள்.

பொட்டலத்தில் உப்பில் போட்ட கேப்பர் மொட்டு, பாதாம் பிஸ்கட், தடித்த காலுறை இரண்டு ஜோடி இருக்கின்றன. வேலைக்குப் போனால் இருட்டில் தனியாக நடந்து வராதே, கூட வேலை செய்யும் யாரோடாவது வா. என்ன ஆனாலும் பிப்ரவரித் தேர்வை எழுதிவிடு, அதற்குக் கட்டணம் ஏற்கெனவே கட்டியாகிவிட்டது. காலையில் வெறும் காபியோடு கிளம்பாதே. உன் கட்டில் உன்னுடையதுதான், புத்தகங்களைக் கீழே இறக்கி நீ வைத்திருந்த வரிசையிலேயே தெக்லா அடுக்கிவிட்டாள். கடவுளும் மாதாவும் உன் பக்கம் இருக்கட்டும், நீ தொட்டது விளங்கட்டும், எங்கள் ஆயுளில் கொஞ்சம் உனக்குச் சேரட்டும்.

ஒன்றே ஒன்று மறக்காதே. கொடுப்பதாக இருந்தால் அதற்கு முந்தின நாள் எனக்குப் போன் செய். பேச வேண்டாம், நாளைக்கு என்று ஒரு வார்த்தை போதும். நான் கோட்டை மாட்டிக்கொண்டு நீனோ வீட்டுக்கு நடந்து போக வேண்டும்.

உன்னையே நினைத்திருக்கும்
அம்மா நுன்சியா