மேல் கட்டில்

ஜூலை 8, செவ்வாய்

விடியும்போதே புழுக்கம். சட்டையைப் பிழிஞ்சா ஒரு வாளி தேறும். மகன் பாண்டி ஊர்லேருந்து துபாய் அல் கூஸ் வந்து மூணு வாரம் ஆச்சு. நான் இருக்குற அதே குடோன், அதே கேம்ப், அதே ரூம். மகன் ஃபோர்க்லிஃப்ட் டிரைவர், அப்பன் பெட்டி தூக்குற ஹெல்ப்பர். எனக்குக் கீழ்க் கட்டில், அவனுக்கு மேல் கட்டில்.
வாங்கணும்: சோப்பு, தைலம், வெங்காயம்.

9, புதன்

பக்கத்துக் கட்டில் யோகன், யாழ்ப்பாணத்துக்காரர். பல்லு விளக்கும்போது சொன்னாரு: "அண்ணை, உங்கட மகன் வேற ரூம் கேட்டிருக்கிறான். தெரியுமோ?"
தெரியாது. மத்தியானச் சோறு இறங்கல. ஹெல்ப்பர் அப்பன்கூட இருக்கக் கேவலமோ? அவரு லைசென்ஸ் வச்சிருக்குற துரையாச்சே.

10, வியாழன்

ரூம் மாத்த பாண்டி கேம்ப் பாஸ்கிட்ட சொன்ன காரணம்: மேல ஏசி காத்து வரல. யோகன்கிட்ட: பொண்டாட்டிகூட போன் பேசக் கூச்சம். என்கிட்ட: "கால் நீட்டுனா உங்க தலைக்கு மேல வருதுப்பா."
அப்ப நான் மேல ஏறிக்கிறேன்னேன். "அந்த முட்டியை வச்சுக்கிட்டா?"ங்குறான்.
இவன் பொய் சொன்னா மூஞ்சி எப்படிப் போகும்னு எனக்குத் தெரியல. கூட இருந்து வளர்த்தாத்தானே தெரியும்.

11, வெள்ளி

லீவு. பாண்டி மீன் குழம்பு வச்சான். உப்பு கம்மி. அடக்க முடியல, கேட்டுட்டேன்.
"என்னைப் பாத்தா வெக்கமாடா?"
கரண்டியை வச்சுட்டான். "தூக்கத்துல பேசுறீங்கப்பா. தெனமும்."
"என்னன்னு?"
"பாண்டி, அப்பா வந்திருக்கேன்டா, கதவத் தெறடான்னு. அழுவுறீங்க."
சத்தியமா எனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்ல.
"நான் எப்பப்பா கதவைச் சாத்துனேன்? தெறந்துதான் இருக்குன்னு மேலேருந்து சொல்றேன். உங்களுக்குக் கேக்க மாட்டேங்குது. என்னால முடியலப்பா."
போன லீவுல ஊருக்குப் போனப்ப பழைய வீட்டை இடிச்சுக் கட்டியிருந்தான். நல்ல வீடு. எந்தக் கதவு எங்க போகுதுன்னு தெரியாம விருந்தாளி மாதிரி நின்னேன். மருமக "உக்காருங்க மாமா"ன்னு சேர் போட்டா. யாரு மேலயும் குத்தம் இல்ல. இதை எப்படி அவன்கிட்ட சொல்றது? மீன் முள்ளைப் பாத்துச் சாப்பிடுன்னேன்.

12, சனி

டூட்டி முடிஞ்சதும் பெட்டியைக் கட்டிட்டான். எதிர் வரிசை ரூம். "தூக்கிட்டு வரவா?"ன்னேன். "வேணாம்ப்பா."
மேல வெறும் மெத்தை. பாக்கப் பிடிக்கல. எந்திரிச்சு அவன் ரூமுக்குப் போனேன். ஏசிக்காகக் கதவைச் சாத்தியிருந்தானுங்க. தட்டுனேன். "கோன் ஹை?" யாருன்னு எவனோ இந்தியில கத்துறான். திரும்பிடலாம்னு பாத்தேன்.
"பாண்டி"ன்னேன். "அப்பா வந்திருக்கேன்டா. தெற."