சேஷனின் கடைசி ரீல்

11 ஜூலை 1966, திங்கள்

பம்பாயில் விடாத மழை. லோக்கல் ரயில் இல்லை. மாதுங்காவிலிருந்து தாதர் எடிட்டிங் ரூமுக்கு நடை. குடை கிழிசல், சட்டை தொப்பல்.

எங்கள் படத்துக்காகக் காமிராமேன் சேஷன் இமயமலையில் எடுத்த ரீல்கள் லாபிலிருந்து கழுவி வந்துவிட்டன. ஆள்தான் வரவில்லை. பனியில் காணாமல் போய் ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது.

கடைசி ரீலை மிஷினில் போட்டேன். வெறும் பனியை எடுத்தால் மலை எத்தனை பெரிசு என்று தெரியாது. யாராவது நடக்க வேண்டும். மற்றவர்கள் கீழே கூடாரத்தில் காய்ச்சலில் படுத்திருந்தார்களாம். இவனே காமிராவை ஓடவிட்டு, எதிரே போய் நடந்திருக்கிறான். மேட்டுக்கு அந்தப் பக்கம் இறங்கினான். பனி கொஞ்சம் புகைந்தது. அப்புறம் வெள்ளை. ரீல் தீரும்வரை வெள்ளைதான், அவன் திரும்பி வரவில்லை.

டீ இறங்கவில்லை. பாவி, எதுக்குடா போனே.

12, செவ்வாய்

தூறல். தலைவலி. ரேஷன் சர்க்கரை வாங்க மறந்து வீட்டில் திட்டு.

சேஷனின் அண்ணா கிருஷ்ணன் வந்தார். உடம்பு கிடைக்கவில்லை, தர்ப்பையில் உருவம் செய்து தகனம் பண்ணிவிடலாம் என்கிறார். ஆனால் கண்ணால் பார்த்தவர் சொன்னால்தான் காரியம் பண்ணிவைக்கும் வாத்தியார் நாள் குறிப்பாராம். இல்லாவிட்டால் வருஷக்கணக்கில் காத்திருக்க வேண்டும். யூனிட்டில் ஒருவரும் பார்க்கவில்லை. "நீங்க படத்துல பாத்தேளா?"

என் ஒரு வார்த்தையில் விசாலத்தின் தாலி. சேஷனைக் கட்டிக்கொண்டு மூன்று வருஷம்கூட ஆகவில்லை. வெளிச்சம் பட்டு ரீல் பாழ் என்று புளுகினேன்.

டைரக்டருக்கோ அந்த ஷாட்தான் படத்தின் முடிவாக வேண்டுமாம். கட்டையில போறவன்.

14, வியாழன்

மழை விட்டிருக்கிறது. புழுக்கம். மத்தியானம் சாம்பார் சாதம், பாதி கொட்டிவிட்டேன்.

செம்பூரிலிருந்து தனியாக பஸ் ஏறி விசாலம் வந்து நின்றாள். நெற்றி நிறையக் குங்குமம். பாழாய்ப்போன ரீலைப் பார்க்கத்தான் வந்தேன் என்றாள். திரையில் போட்டேன்.

சேஷன் நடந்தான். இறங்கினான். வெள்ளை. நிறுத்தப் போனேன், கையால் தடுத்தாள். கடைசிவரை கண் கொட்டவில்லை.

"காமிராவை யாருமே வந்து நிறுத்தலையா?"

இல்லை என்றேன்.

"உசிர் இருந்தா தவழ்ந்தாவது வந்திருப்பார், அண்ணா. ஃபிலிம் வீணாறதை அவரால பாத்துண்டிருக்க முடியாது."

அழவில்லை. பொய் சொன்னதற்குக் கோபமில்லையாம். மச்சினர் கிருஷ்ணன் இனிமேல் என்னைக் கேட்க வரமாட்டார் என்றாள்.

"பாத்தது நான்னு நாளைக்கு வாத்தியார்ட்ட நானே சொல்லிக்கறேன்."

பஸ் ஸ்டாப்வரை கூடப் போனேன். நல்ல கூட்டம். பூக்காரியிடம் இரண்டு முழம் மல்லி வாங்கி, அங்கேயே தலையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.