நீள ஆணி பூட்ஸ்

டார்சி,

“அம்மா, நீ ஆடாத அன்னைக்கு உன் பதினேழாம் நம்பர் சட்டைய யாரு போட்டுக்குவாங்க?” என்று நம் எல்சி ஒருநாள் கேட்டாளே, நினைவிருக்கிறதா? அணிக்கு வரும் புதுப் பெண் ஒருத்தி போட்டுக்கொள்வாள் என்று இன்று அவளிடம் சொல்லிவிடு.

அடுப்பில் ஆட்டுக்கறி சூப் இருக்கிறது. பாஸ்டரின் மனைவி பத்து மணிக்கு வருவார். அவர் கேக் கொடுத்தனுப்பிய தட்டைக் கழுவி வைத்திருக்கிறேன், கொடுத்துவிடு.

நேற்று சாப்பிடும்போது, “முட்டி நல்லாத்தானே இருக்கு, இன்னும் ஒரே ஒரு சீசன் ஆடேன்” என்றாய். “உன் முட்டியக் கழட்டிக் குடு, ஆடுறேன்” என்று வெடுக்கென்று சொல்லிவிட்டேன். மன்னித்துவிடு. ஒன்பது வருடமாக ஒரு மேட்ச் விடாமல் மழையில் நின்று பார்த்தவன் நீ. ஆனால் ஜெபம் பண்ணித்தான் முடிவெடுத்தேன். ஃபுட்டி பந்தாட்டம் போதும். அதைக் கோச்சிடம் சொல்லத்தான் போகிறேன்.

கேத்

பி.கு: என் நீள ஆணி பூட்ஸைத் தேடாதே. வறண்ட வடக்கிலிருந்து அணிக்குப் புதிதாக வந்திருக்கும் மார்லி, குட்டை ஆணி பூட்ஸோடு நேற்றுப் பயிற்சியில் நம் சேற்றில் மூன்று முறை வழுக்கி விழுந்தாள். என் முதல் நாளும் அப்படித்தான் போனது. மறுநாள் என் லாக்கரில் யாரோ நீள ஆணி ஜோடி ஒன்றை வைத்திருந்தார்கள். யாரென்று இன்றுவரை தெரியாது.

மார்லிக்கும் என் கால் அளவுதான். நேற்று எல்லோரும் கிளம்பிய பிறகு, சேற்றைத் துடைத்து அவள் லாக்கரில் வைத்துவிட்டு வந்தேன். பெயர் எழுதவில்லை.