நேரியோவின் உயிலில் என் கை

அக்டோபர் 9, வியாழன்

பாஸ்தா மாவு இன்றைக்கு என் பேச்சைக் கேட்கவில்லை. பரத்தப் பரத்தக் கிழிந்தது. கடைக்காரி நொவெல்லா பார்த்துவிட்டு, "கையை வீட்லயே வச்சுட்டு வந்துட்டியா அர்மீதா?" என்றாள். சிரித்தேன். சிரிக்கத்தானே சொன்னாள்.

இந்த டைரி நேரியோவுடையது. உயில், பத்திரம் பதிகிற நோட்டரிகளின் சங்கத்தில் வாசல் காவலாக இருந்தவருக்கு வருஷாவருஷம் ஒன்று கொடுப்பார்கள். அட்டையில் மூன்று மைக்கூடு, இறகுப் பேனா. ஒரு வரி எழுதமாட்டார். "நாள் முழுக்க எழுத்துக்குக் காவல் இருக்கேன், வீட்லயும் எழுத்தா?" என்பார். ஆகஸ்டில் அவர் போனபிறகு எனக்குப் பேச ஆளில்லை. எழுதுகிறேன். ஐந்தாம் வகுப்புக் கையெழுத்து, யார் பார்க்கப்போகிறார்கள்.

அக்டோபர் 14, செவ்வாய்

உயிலை எடுத்துக்கொண்டு சங்கத்துக்குப் போனேன். அங்கே நோட்டரிகள் முறைவைத்து உட்கார்ந்து, யார் வந்தாலும் காசில்லாமல் யோசனை சொல்வார்கள். அவர் நாற்காலியில் வேறு ஒருவர். நாற்காலி மட்டும் அதே கிரீச்.

நோட்டரி பெர்கோன்சீனி அம்மா இருந்தார். நேரியோ கையால் எத்தனையோ காப்பி குடித்தவர். எனக்குப் புரிகிற மாதிரி சொன்னார். நானும் நேரியோவும் முறைப்படி கல்யாணம் செய்துகொண்டவர்கள் இல்லை. உயில் நின்றால் ஆற்றங்கரை வீடு எனக்கு, நகரத்து வீடு அவருடைய முதல் தாரத்து மகன் வானெஸுக்கு. நிற்காவிட்டால் எல்லாமே வானெஸுக்கு. நான் கொஞ்ச காலம் இருந்துவிட்டுக் கிளம்பவேண்டியதுதான்.

பிறகு தாளை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"முழுக்க அவரே எழுதியிருக்கணும் அர்மீதா. இன்னொருத்தர் கையைப் பிடிச்சு உதவியிருந்தாக்கூடச் செல்லாது."

என்னைப் பார்க்காமலே சொன்னார். "நான் எதையும் கேக்கல. எல்லார் முன்னாடியும் படிச்சுப் பதியறதுதான் என் வேலை. யாராவது கேஸ் போட்டாத்தான் பிரச்சனை."

கேக்கல என்றது கேட்ட மாதிரிதான் இருந்தது.

அக்டோபர் 15

நான் பிடித்திருந்தேன்.

அக்டோபர் 19, ஞாயிறு

முதல் பாதியை அவரே எழுதினார். பக்கவாதம் வந்த கை. எழுத்தெல்லாம் மழையில் நனைந்த கோழி மாதிரி. அப்புறம் கை நின்றுவிட்டது. "பிடி," என்றார். பிடித்தேன். மாவு பரத்தின கையாச்சே, கடைசி வரிகள் நேராக நிற்கின்றன. பார்த்தாலே தெரியும்.

ஆனால் அவருக்கா தெரியாது? வராந்தாவில் காத்திருக்கும் கிழவர்களிடம், "நீங்களே எழுதுங்க, பொண்டாட்டி கையைக்கூடப் பக்கத்துல விடாதீங்க," என்று கேலி செய்கிறவர் அவர்தான். பள்ளிப் பிள்ளைகள் சங்கத்தைப் பார்க்க வந்தால் கதை சொல்வார். அந்தக் காலத்தில் சங்கம் பரீட்சை வைத்து, சத்தியம் வாங்கித்தான் ஒருவனை நோட்டரி ஆக்கும். ஆளுக்கு ஒரு சின்னம், தன் கையாலேயே வரையவேண்டும். "அடுத்தவன் கை பட்டா அது பொய், தம்பிகளா!" இருநூறு வருஷத்துக்கு முன்னால் பிரெஞ்சுப் படை வந்து எல்லாத் தொழில் சங்கத்தையும் கலைத்தது. "சங்கம் போச்சு, நோட்டரி போகல. மறுநாளே வேற பேர்ல வந்து உக்காந்துட்டான்!" பிள்ளைகள் சிரிக்கும்.

இன்னொன்றும் சொல்வார். பதிவேட்டில் காலி இடம் விட்டால் யாராவது எதையாவது நுழைத்துவிடுவார்கள் என்று அங்கே காதல் பாட்டை எழுதி அடைப்பார்களாம். நான் சாப்பாடு கொண்டுபோன நாளில் அதைச் சொன்னால் என்னைப் பார்த்துக்கொண்டே சொல்வார்.

இவ்வளவு தெரிஞ்சவன் ஏன் பிடின்னே? மறந்துட்டியா நேரியோ? இல்ல, தெரிஞ்சேதானா?

நவம்பர் 2, ஞாயிறு — இறந்தவர்கள் நாள்

கல்லறையில் வானெஸ் எனக்கு முன்னால் வந்து நின்றிருந்தான். கையில் சாமந்தி. பஸ் ஓட்டுகிற சீருடை.

"அந்த ஆத்தங்கரை வீட்டுக்கு அப்பா என்னை ஒரு தடவைகூடக் கூப்பிட்டதில்ல."

"கூப்பிட்டார். நீதான் வரல."

"உங்களுக்கு எப்பவும் பதில் ரெடி."

சாமந்தியைக் கல்மேல் வைத்துவிட்டுக் கேட்டான். "உயிலை அவரே எழுதினாரா? ஆஸ்பத்திரியில ஸ்பூன்கூடப் பிடிக்க முடியல அவரால."

"நோட்டரி முன்னாடி பேசலாம்," என்றேன். கொண்டுவந்த மெழுகுவத்தியை ஏற்றக் குனிந்தேன்.

நவம்பர் 5

"அவரே எழுதினார்." கண்ணாடி முன்னால் சொல்லிப் பார்த்தேன். சுலபமாகத்தான் வருகிறது. இதைச் சொன்னால் வீடு எனக்கு. கட்டில், பெர்சிமன் பழ மரம், அவர் செருப்பு கிடக்கிற படி, எல்லாம்.

ஆனால் சொல்லிவிட்டால் அன்றைக்கு நான் அங்கே இல்லை என்று ஆகிவிடும். இரண்டு பேர் பெயரும் சேர்ந்த காகிதம் எங்களுக்கு ஒன்றுமே கிடையாது. கரண்ட் பில்கூட அவர் பெயரில். அந்த நாலு வரிதான் நாங்கள் சேர்ந்து செய்தது.

நவம்பர் 6, வியாழன்

நோட்டரி அம்மா இரண்டு சாட்சிகளுக்கு முன்னால் உயிலைப் படித்தார். வானெஸ் தாளைத் தன் பக்கம் திருப்பினான். கடைசி வரிகளில் விரலை வைத்தான்.

"இது யார் கை?"

நோட்டரி அம்மா என்னைப் பார்த்து லேசாகத் தலையசைத்தார். வேண்டாம் என்று.

"ரெண்டு பேரோடதும்," என்றேன். "பிடின்னார், பிடிச்சேன். எழுதி முடிச்சதும் பேனா விழுந்துடுச்சு. அவர் என் கையை விடல. சூப் ஆறிப்போச்சு. விளக்குப் போடற நேரமும் வந்துடுச்சு. அப்பவும் விடல."

வானெஸ் எழுந்து போய்விட்டான். நாற்காலியில் மாட்டின கோட்டை மறந்துவிட்டான்.

"சும்மா இருந்திருக்கலாமே அர்மீதா."

"இருந்திருக்கலாம் அம்மா."

நவம்பர் 7

மாவு கிழியவில்லை.

நவம்பர் 16, ஞாயிறு

சாமான் கட்டுகிறேன். இலையெல்லாம் கொட்டி மரத்தில் பழம் மட்டும் நிற்கிறது. ஏணியை நான் பிடிக்க, அவர் மேலே ஏறி, "விட்டுடாதேடி, எங்கிட்ட உயில் இல்ல," என்று கத்துவார். யாருக்கு இப்போது ஏணி பிடிப்பது? அவர் தலையணையைக் கட்ட எடுத்தேன். முடியவில்லை. திரும்பக் கட்டிலிலேயே வைத்துவிட்டேன்.

நவம்பர் 23, ஞாயிறு

வானெஸ் வந்தான். கோட்டுக்கு வந்திருக்கிறான் என்று நினைத்து எடுத்துக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு மரத்தடியிலேயே நின்றான். ஒரு பழத்தைப் பறித்துக் கடித்து முகத்தைச் சுளித்தான்.

"துப்பு, துப்பு! அது இன்னும் பழுக்கல. பஸ் ஓட்டறவனுக்கு அவசரம் ஜாஸ்தி."

"சொல்லக்கூடாதா?"

"கேட்டாத்தானே சொல்ல!"

வாயைத் துடைத்துக்கொண்டான். "நோட்டரி அம்மாகிட்டப் போயிருந்தேன். செல்லாத உயிலையும், ஏன் செல்லாதுன்னு தெரிஞ்சே வாரிசு ஒத்துக்கிட்டா நிக்குமாம். நீங்க பொய் சொல்லி நான் பின்னாடி கண்டுபிடிச்சிருந்தா, கோர்ட்டுக்கு இழுத்திருப்பேன்."

கீழே கிடந்த இலைகளைக் காலால் ஒதுக்கினேன்.

"ஆஸ்பத்திரியில அவர் கையை நான் தொடவே இல்ல," என்றான் மரத்தைப் பார்த்துக்கொண்டே. "பயமா இருந்துச்சு. நீங்களாவது பிடிச்சுக்கிட்டு இருந்திருக்கீங்க." பிறகு, "ஏணி எங்க?"

பிடித்துக்கொண்டேன்.

நவம்பர் 28, வெள்ளி

வானெஸ் உயிலை ஒத்துக்கொள்கிற பத்திரத்தை நோட்டரி அம்மா முழுக்க உரக்கப் படித்தார். படித்துக் காட்டாமல் கையெழுத்து வாங்கக்கூடாது. நடுவில் இப்படி வந்தது: "உயில் எழுதப்பட்டபோது அர்மீதா மொந்தானாரி, நேரியோ ஃபந்தீனியின் வலது கையைத் தன் கையால் பிடித்திருந்தார் என்பதை முழுதும் அறிந்தே…"

"அதை இன்னொரு தடவை படிக்கிறீங்களா அம்மா?"

புரியவில்லை என்று நினைத்து விளக்க ஆரம்பித்தார். பிறகு என் முகத்தைப் பார்த்தார். மறுபடி படித்தார், மெதுவாக.

இந்தக் காகிதம் எங்கே இருக்கும் என்று கேட்டேன். அவர் தொழிலில் இருக்கும்வரை அவரிடம், அப்புறம் ஆவணக் காப்பகத்தில். அழிக்கமாட்டார்களாம். வானெஸ் போட்ட கையெழுத்துக்கு மேலே கொஞ்சம் காலி இடம் இருந்தது. அதில் குறுக்கே ஒரு கோடு இழுத்தார். இந்தக் காலத்தில் பாட்டெல்லாம் இல்லை.

சாயங்காலம் ஒரு பழம் கனிந்திருந்தது. ஸ்பூனால் வழித்துச் சாப்பிட்டேன்.

இந்தப் பக்கத்தில் கீழே பாதி காலியாக இருக்கிறது. நான் கோடு போடல நேரியோ. உனக்கு ஏதாவது எழுதணும்னா எழுதிக்கோ.